பி.வோக். சேர்க்கலாமா என்று கேட்டிருந்தாய்

மதுரை,
மே மாதம்.

அன்புள்ள பங்காளிக்கு,

உன் கடிதம் கிடைத்தது. பாப்பா பிளஸ் டூவில் நல்ல மதிப்பெண் எடுத்ததில் எங்கள் வீட்டில் எல்லோருக்கும் சந்தோஷம். அம்மாவின் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்ததாக எழுதியிருந்தாய். கொஞ்ச நாளைக்கு அடுப்படிப் பக்கம் விடாதே, புகை ஆகாது. இங்கே திருவிழா முடிந்து அழகர் மலைக்குத் திரும்பிவிட்டார். இப்போது கூட்டமெல்லாம் கல்லூரி வாசல்களில்தான்.

உசிலம்பட்டியிலேயே பி.எஸ்சி. மைக்ரோபயாலஜி சேர்ப்பதா, மதுரைக்கு அனுப்பி உணவு பதப்படுத்துதலில் பி.வோக். என்ற தொழிற்கல்விப் படிப்பில் சேர்ப்பதா என்று கேட்டிருந்தாய். "அது டிகிரியா, டிப்ளமோவா?" என்று உன் தம்பி கேட்டதற்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். அது டிகிரிதான். 2014இல் பல்கலைக்கழக மானியக் குழுவான யு.ஜி.சி. அறிமுகப்படுத்திய மூன்றாண்டு இளநிலைப் பட்டம். முதல் ஆண்டோடு நிறுத்தினால் டிப்ளமோ, இரண்டாம் ஆண்டோடு நிறுத்தினால் அட்வான்ஸ்டு டிப்ளமோ, மூன்றையும் முடித்தால் பட்டம். உன் தம்பிக்கு வந்த குழப்பம் இந்த இடைநிறுத்த வசதியால் வந்தது. 'ஏதேனும் ஒரு பட்டம்' என்று கேட்கும் தேர்வுகளுக்கு, குரூப் 2 ஆகட்டும் வங்கித் தேர்வாகட்டும், பிளஸ் டூவுக்குப் பின் மூன்றாண்டு என்ற வரிசையில் படித்த பி.வோக்.காரரும் விண்ணப்பிக்கலாம்.

குறிப்பிட்ட பாடத்தின் பெயரைச் சொல்லிக் கேட்கும் இடத்தில்தான் சிக்கல். பி.எட். சேர்ந்து ஆசிரியர் ஆக வேண்டும் என்ற எண்ணம் பாப்பாவுக்கு இருந்தால் பி.எஸ்சி.யே சேர்த்துவிடு; இதற்கு மேல் யோசிக்க வேண்டாம். எம்.எஸ்சி. படிக்கும் ஆசை இருந்தால், அவள் சேர விரும்பும் பல்கலைக்கழகத்தின் தகுதிப் பட்டியலில் இந்தப் பி.வோக்.கின் பெயர் இருக்கிறதா என்று இப்போதே பார்க்க வேண்டும். மூன்று வருஷம் கழித்துப் பார்த்தால் 'இதுவும் அந்தப் பட்டத்துக்கு இணையானது' என்ற இணைச் சான்றிதழுக்காக அலுவலகம் அலுவலகமாக ஏற வேண்டியிருக்கும். எம்.பி.ஏ., எம்.எஸ்.டபிள்யூ. போன்றவற்றுக்கு இந்தத் தொல்லை இல்லை.

பழைய கையேடுகளில், படிப்புகளின் தரத்தைக் காட்டும் அளவுகோலில் பி.வோக். 'நிலை 7' என்று இருக்கும். 2023இல் வந்த தேசியக் கிரெடிட் கட்டமைப்பில் மூன்றாண்டுப் பட்டங்கள் எல்லாமே நிலை 5.5. மதிப்பு இறங்கிவிட்டதாக யாராவது சொன்னால் நம்பாதே. மாறியது அளவுகோல் மட்டும்.

இனி முக்கியமான விஷயத்துக்கு வருகிறேன். இந்தப் படிப்பின் மதிப்பு முழுவதும் செய்முறை மணிநேரத்தில் இருக்கிறது. கிரெடிட் என்பது பாட நேரத்தை எண்ணும் அலகு. யு.ஜி.சி. முதலில் வகுத்த கணக்குப்படி ஆண்டுக்கு 60 கிரெடிட். 36 திறனுக்கு, 24 பொதுக்கல்விக்கு. வகுப்பறைப் பாடத்தில் 15 மணி நேரம் ஒரு கிரெடிட். ஆய்வகத்திலோ பட்டறையிலோ அதே ஒரு கிரெடிட்டுக்கு 30 மணி நேரம். நீயே பேப்பரில் போட்டுப் பார். திறன் கிரெடிட்டில் பாதி, அதாவது 18, செய்முறை என்று வைத்தால் 540 மணி. மீதி 18க்கு 270. பொதுக்கல்விக்கு 360. மொத்தம் 1,170 மணி. ஆண்டுக்கு 180 வேலை நாள் என்றால் நாளுக்கு ஆறரை மணி நேரம். ஷிப்ட் முறையில் நாளுக்கு ஐந்து மணி நேரம் நடக்கும் கல்லூரியில் இது அடங்குமா? மிச்ச ஒன்றரை மணி தொழிற்சாலையிலோ விடுமுறைப் பயிற்சியிலோ கிடைத்தாக வேண்டும். கிடைக்காவிட்டால் செய்முறையாக இருக்க வேண்டியது கரும்பலகைப் பாடமாகச் சுருங்கிவிடும். புதிய கட்டமைப்பில் ஆண்டுக்கு 40 கிரெடிட்தான். கணக்குக் கொஞ்சம் இளகியிருக்கிறது. ஆனாலும் நீ கேட்க வேண்டிய கேள்வி அதேதான்: செய்முறை எத்தனை மணி நேரம், எந்த இடத்தில்?

பால் சோதனையையே எடுத்துக்கொள். உங்கள் பக்கத்துச் சொசைட்டியில் கொழுப்பு பார்க்கிறார்களே, அதன் அடிப்படை முறை கெர்பர் சோதனை. பியூட்டிரோமீட்டர் என்ற அளவுக் கோடு போட்ட கண்ணாடிக் குழாயில் 10 மில்லி சல்ஃப்யூரிக் அமிலம், அதன் மேல் மெதுவாக 10.75 மில்லி பால், பிறகு 1 மில்லி அமைல் ஆல்கஹால். மூடி, குலுக்கி, சென்ட்ரிஃபியூஜில் சுற்றி, 65 டிகிரி வெந்நீரில் வைத்து அளவைப் படிக்க வேண்டும். புத்தகத்தில் ஐந்து வரிதான். ஆனால் அமிலம் வீரியம் கூடினால் கொழுப்பின் அடியில் கருகல் நிற்கும், குறைந்தால் கரையாத வெள்ளைத் துகள் நிற்கும். இரண்டிலும் அளவு தப்பு. பாலை வேகமாக ஊற்றினால் அமிலத்தோடு கலந்து அங்கேயே பொங்கும். ஜாமைச் சரியான பதத்தில் இறக்குவதும் அப்படித்தான். கரைந்த திடப்பொருள் 65 சதவீதத்துக்குக் குறையக் கூடாது என்பது விதி. அடுப்பில் இருந்து எடுத்த சூட்டோடு, அதை அளக்கும் ரிஃப்ராக்டோமீட்டர் கருவியில் வைத்தால் அளவு பொய்யாக வரும். இவற்றைத் தன் கையால் இருபது தடவை செய்த பெண்ணும், நாற்பது பேரோடு நின்று ஒரு தடவை எட்டிப் பார்த்த பெண்ணும் ஒரே சான்றிதழோடுதான் வெளியே வருவார்கள். வேலைக்கு எடுப்பவர் பிப்பெட்டைப் பிடிக்கும் விதத்தில் கண்டுபிடித்துவிடுவார்.

அதனால் கல்லூரிக்குப் போகும்போது முதல்வர் அறையில் உட்கார்ந்து பேசிவிட்டுத் திரும்பாதே. ஆய்வகத்தைக் காட்டச் சொல். அங்கே அமிலத்தன்மையை அளக்கும் பிஎச் மீட்டரின் மின்முனையைப் பார். பயன்பாட்டில் இருக்கும் மின்முனையைப் பொட்டாசியம் குளோரைடு கரைசலில் நனைத்து வைத்திருப்பார்கள். பக்கத்தில் மீட்டரைச் சரிபார்க்க 4, 7 என்று பஃபர் கரைசல் பாட்டில்கள் பாதி தீர்ந்த நிலையில் இருக்கும். மின்முனை காய்ந்து அட்டைப் பெட்டிக்குள் கிடந்தால் அந்த ஆய்வகத்தில் யாரும் வேலை செய்வதில்லை என்று அர்த்தம். உணவுத் தொழிலில் பிஎச் சின்ன விஷயம் இல்லை. 4.6க்கு மேலே போனால் அடைத்த டப்பாவுக்குள் பாட்டுலினம் என்ற நச்சுக் கிருமி வளர இடம் உண்டு. வெறும் கொதிநீர் போதாது, அழுத்தத்தில் 121 டிகிரி வரை சூடாக்க வேண்டும். அந்த ஒரு எண்ணைப் பார்க்கத் தெரியாதவருக்கு உணவுத் தொழிலில் பட்டம் கொடுப்பது சாப்பிடுகிறவர்களுக்குச் செய்யும் துரோகம்.

அடுத்து, வேலை உண்டா என்று கேட்டிருந்தாய். இந்தத் துறையில் எனக்குப் பிடித்த விஷயமே இதுதான்: ஆள் வேண்டும் என்று சட்டமே சொல்கிறது. 2011ஆம் ஆண்டின் உணவுப் பாதுகாப்பு உரிம விதிமுறைகளின்படி, உரிமம் பெற்ற உற்பத்தி நிறுவனம் தயாரிப்பை மேற்பார்வையிட ஒரு தொழில்நுட்ப ஆளையாவது வைத்திருக்க வேண்டும். அவருக்கு வேதியியல், உயிர்வேதியியல், உணவும் ஊட்டச்சத்தும், நுண்ணுயிரியல் இவற்றில் ஒன்றைக் கொண்ட அறிவியல் பட்டமோ, உணவுத் தொழில்நுட்பத்தில் பட்டமோ பட்டயமோ, அதற்கு இணையானதோ இருக்க வேண்டும். கவனித்தாயா? உசிலம்பட்டி மைக்ரோபயாலஜியும் அதே நாற்காலிக்குக் கொண்டுபோகும். உட்கார்ந்த முதல் மாதத்தில் யார் தடுமாறாமல் வேலை பார்ப்பார் என்பதில்தான் வித்தியாசம். பி.வோக். பட்டத்தில் துறையின் பெயர் எப்படி அச்சாகிறது என்பதையும் கேட்டுக்கொள். உணவுத் தொழில்நுட்பம் என்று இருந்தால் கேள்வி வராது. வேறு மாதிரி இருந்தால் 'இணையானது' என்று விளக்க வேண்டி வரும்.

தொழில் பயிற்சி பற்றிப் பல பெற்றோர் கேட்பதே இல்லை. புரிந்துணர்வு ஒப்பந்தம் என்று சுவரில் மாட்டியிருக்கும் படத்தை நம்பாதே. போன ஆண்டு மாணவிகள் எந்த ஆலையில் எத்தனை வாரம் இருந்தார்கள், எந்தப் பிரிவில், தினப்பதிவேட்டில் யார் கையெழுத்து, இதைப் பார்க்கக் கேள். தரக்கட்டுப்பாட்டுப் பிரிவில் பழக வேண்டிய பிள்ளையை ஆறு வாரமும் பாக்கெட் ஒட்ட உட்கார வைப்பதுதான் அதிகம் நடக்கிற கோளாறு. ஆலைக்கு அவசரம், கல்லூரிக்குக் கையெழுத்துப் போதும், நடுவில் கேட்க ஆள் இல்லை. ஆசிரியர் ஒருவர் வாரம் ஒரு தடவை ஆலைக்குப் போய்ப் பார்த்து வரும் துறையில் இது நடக்காது.

நல்ல ஆலைப் பயிற்சி கிடைக்காததற்கு இன்னொரு காரணம் நம் ஊர்த் தொழில்களின் அளவு. பயிற்சியாளர் (அப்ரண்டிஸ்) சட்டத்தின் விதிகள்படி 30 பேரோ அதற்கு மேலோ வேலை பார்க்கும் நிறுவனம் தன் ஆட்களில் இரண்டரை முதல் 15 சதவீதம் வரை பயிற்சியாளர்களை எடுத்தாக வேண்டும். 4 முதல் 29 வரை என்றால் விருப்பம்தான். மதுரையின் அப்பளக் கூடங்களும், விருதுநகர்ப் பக்கத்துச் சின்ன எண்ணெய், மசாலா அரவை ஆலைகளும் பெரும்பாலும் இந்த எல்லைக்குக் கீழேதான். ஆகவே பெரிய பால் பண்ணை, எண்ணெய் ஆலை, ஏற்றுமதிக் கிடங்கு இவற்றோடு உயிருள்ள தொடர்பு இருக்கும் கல்லூரியாகப் பார். முறைப்படி ஒப்பந்தம் பதிவு செய்த பயிற்சி என்றால் உதவித்தொகை வங்கிக் கணக்குக்கு வரும். 2019 விதித் திருத்தத்தில் பட்டப் பயிற்சியாளருக்குக் குறைந்தபட்சம் மாதம் 9,000 ரூபாய் என்று வைத்தார்கள். நடப்புத் தொகையைத் தேசியப் பயிற்சித் தளத்தில் பார்த்துக்கொள். பயிற்சி முடிந்ததும் வேலை கொடுத்தே ஆக வேண்டும் என்ற கட்டாயம் நிறுவனத்துக்கு இல்லை. இதையும் பாப்பாவிடம் முதலிலேயே சொல்லிவிடு.

'நூறு சதவீத வேலைவாய்ப்பு' என்ற விளம்பரத்துக்குப் பதிலாக ஒரே ஒரு கேள்வி கேள்: இரண்டு வருஷத்துக்கு முன் முடித்தவர்கள் இன்று எங்கே இருக்கிறார்கள்? போன வருஷத்து ஆட்களைக் கேட்டால் நியமனக் கடிதத்தைக் காட்டுவார்கள். இரண்டு வருஷம் தாண்டியவர்கள்தான் அந்த வேலையில் நின்றார்களா, மேலே போனார்களா என்று சொல்ல முடியும். துறைத்தலைவருக்கு நாலைந்து பேருடைய இன்றைய இடம்கூடத் தெரியவில்லை என்றால் நாம் எழுந்துவிடலாம்.

பொதுக்கல்விக் கிரெடிட்டைப் பலர் வெட்டிச் சுமை என்கிறார்கள். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. எரிக் ஹனுஷெக்கும் அவருடன் மூன்று பொருளியலாளர்களும் 11 நாடுகளின் தரவை ஆராய்ந்து 2017இல் வெளியிட்ட கட்டுரையில், தொழிற்கல்வி படித்தவர்களுக்கு இளம் வயதில் வேலை சுலபமாகக் கிடைக்கிறது, வயது ஏற ஏற அந்தச் சாதகம் கரைகிறது என்று கண்டார்கள். இயந்திரம் மாறும்போது புதிதாகக் கற்கும் அடிப்படை இல்லாமல் போவதை அவர்கள் காரணமாகச் சொல்கிறார்கள். பாப்பா ஆங்கிலத்தில் ஒரு பக்கம் சோதனை அறிக்கை எழுத வேண்டும், எக்செலில் பேட்ச் வாரியாகக் கணக்குப் போட வேண்டும், கொஞ்சம் புள்ளியியல் தெரிய வேண்டும். அந்தப் பொதுக்கல்விக் கிரெடிட்டைத் தூங்கிக் கழித்தால் முப்பது வயதிலும் அதே மேசைதான்.

செலவுக்கு: அவள் ஆறாம் வகுப்பில் இருந்து அரசுப் பள்ளிதானே, புதுமைப் பெண் திட்டத்தில் மாதம் 1,000 ரூபாய் வரும். மூன்று வருஷத்துக்கு 36,000. விண்ணப்பம் கல்லூரி மூலமாகத்தான். ஆதார் வங்கிக் கணக்கோடு இணைந்திருக்க வேண்டும், பெயர் எழுத்து மாறியிருந்தால் பணம் நின்றுவிடும். உங்கள் குடும்பத்தில் முதல் பட்டதாரி அவள்தான் என்பதால் அந்தச் சான்றிதழுக்கும் இ-சேவை மையத்தில் இப்போதே எழுதிப் போடு.

என் கருத்தைக் கேட்டால்: உட்கார்ந்து படிப்பதைவிடக் கையால் செய்து பார்ப்பதில் அவளுக்கு ஈடுபாடு என்று எழுதியிருந்தாய். ஆய்வகமும் ஆலைப் பயிற்சியும் நான் சொன்னபடி இருந்தால் பி.வோக். சேர்க்கலாம். இல்லாவிட்டால் உசிலம்பட்டி மைக்ரோபயாலஜி சேர்த்து, விடுமுறைகளில் பால் பண்ணைப் பயிற்சிக்கு நாமே ஏற்பாடு செய்துவிடலாம். வீட்டில் இருந்தே போய் வருவாள், ஹாஸ்டல் செலவும் மிச்சம்.

மதுரைக் கல்லூரிகள் இரண்டை நேரில் பார்த்துவிட்டு முடிவெடுப்போம். வேலை நாளில் பாப்பாவையும் கூட்டிக்கொண்டு வா. விடுமுறையில் வந்தால் ஆய்வகம் பூட்டியிருக்கும். ஆரப்பாளையத்தில் இறங்கியதும் போன் பண்ணு, நான் வந்துவிடுகிறேன். மதிப்பெண் பட்டியல், மாற்றுச் சான்றிதழ், சாதிச் சான்றிதழ் எல்லாவற்றிலும் நகல் மூன்று எடுத்துக்கொள். இந்தப் படிப்புக்கான பல்கலைக்கழக இணைப்பு ஆணை இந்தக் கல்வியாண்டுக்குப் புதுப்பிக்கப்பட்டிருக்கிறதா என்று அலுவலகத்தில் கேட்க மறக்கக் கூடாது. நான் மறந்தால் நீ நினைவூட்டு.

தங்கச்சிக்கும் அம்மாவுக்கும் என் அன்பைச் சொல்.

அன்புடன்,
உன் பங்காளி