கயிறு கட்டிப் பறக்கவிட்டவர்

அன்புள்ள சேகர்,

நலம். மகளுக்கு வேலை கிடைத்த செய்தியில் இங்கே எல்லோருக்கும் சந்தோஷம். என் முழங்கால் வலி அதுபாட்டுக்கு இருக்கிறது.

ராத்திரி தூக்கம் பிடிக்காமல் பழைய ஹாங்காங் படங்களாகப் பார்த்துத் தள்ளுகிறேன். ஜாக்கி சான் என்றால் நாம் உயிரை விடுவோமே, அவரைத் தூக்கிவிட்ட இயக்குநர், சண்டைப் பயிற்சியாளர் யுவென் வூ-பிங் பற்றி ஒரு நாளாவது பேசியிருக்கிறோமா? அதுவரை ஜாக்கியை இன்னொரு புரூஸ் லீயாக முறைக்க வைத்து எடுத்த படங்கள் எடுபடவில்லை. 1978-இல் 'ட்ரங்கன் மாஸ்டர்' எடுத்த இவர்தான் அடி வாங்கிச் சிரிக்க வைக்கும் பையனாக மாற்றினார். அதில் குடிகார வாத்தியாராக வரும் கிழவர் இவருடைய சொந்த அப்பா! அவரும் சண்டைப் பயிற்சியாளர்தான். படம் வெளிவந்த சில மாதங்களில், பாவம், போய்ச் சேர்ந்துவிட்டார்.

அப்புறம் ஹாலிவுட். 'மேட்ரிக்ஸ்' படத்துக்குக் கூப்பிட்டபோது, நடிகர்கள் ஷூட்டிங்குக்கு முன்பே மாதக்கணக்கில் பயிற்சி எடுக்க வேண்டும் என்றார். டூப்பை வைத்து ஒப்பேற்றுகிற பேச்சே கிடையாது. கதாநாயகன் கியானு ரீவ்ஸுக்கோ அப்போதுதான் கழுத்தில் ஆபரேஷன். உதைக்கவே கூடாத நிலை. சரி, கை வேலையைக் கூட்டுவோம் என்று சண்டையையே அதற்கேற்ப அமைத்துவிட்டார். டோஜோ என்கிற ஜப்பானியப் பயிற்சிக்கூடத்தில் நடக்கும் அந்தச் சண்டையை இன்னொரு தடவை போட்டுப் பார், கால் எவ்வளவு குறைவாக எழும்புகிறது என்று தெரியும். நடிகனின் உடம்பு எதற்கு இடம் கொடுக்கிறதோ அதிலிருந்தே சண்டையைப் பிடிப்பது, அதுதான் இவர் வித்தை. கயிறு கட்டிப் பறக்கவிடுவதெல்லாம் எனக்கு அடுத்தபட்சம்தான்.

அதற்காகக் கயிற்று வேலையைக் குறைத்துச் சொல்லிவிட முடியாது. இவர் சண்டை அமைத்த 'க்ரௌச்சிங் டைகர்' படத்தில் மூங்கில் உச்சியில் நின்று ஆடிக்கொண்டே சண்டை போடுவார்களே, நடிகர்களை நிஜமாகவே கிரேனில் தொங்கவிட்டு எடுத்தது. கம்ப்யூட்டர் செய்தது கயிற்றை அழித்தது மட்டும். படத்துக்கு நாலு ஆஸ்கார் வந்தது, சண்டைக்கு ஒன்றுமில்லை. அப்படி ஒரு பிரிவே அங்கே கிடையாது. 2027-இல் வெளியாகும் படங்களிலிருந்துதான் ஆரம்பிக்கிறார்களாம். நம் தேசிய விருது இதில் முந்திக்கொண்டது, 'புலிமுருகன்' படத்துக்குப் பீட்டர் ஹெயின் வாங்கினார். 'எந்திரன்' படத்தில் அவரோடு யுவென் வூ-பிங்கும் வேலை பார்த்திருக்கிறார். நாம் அடித்த விசிலில் இதையெல்லாம் யார் கவனித்தது!

தீபாவளிக்கு ஊருக்கு வருவாய்தானே? நாலைந்து படம் எடுத்து வைக்கிறேன். வீட்டில் எல்லோரையும் கேட்டதாகச் சொல்.

அன்புடன்,
ரவி