கடவுள் மனம் மாறிவிட்டாரா என்று கேட்ட மகளுக்கு

அன்புள்ள பாப்பா,

வியாழக்கிழமை போனில் நான் சும்மா ஒரு செய்தியாகத்தான் அதைச் சொன்னேன். நம் மாதா கோவிலில் இப்போது பூசை நேரத்தில் பீடத்தில் சாமியாருக்கு உதவி செய்கிற பிள்ளைகளில் பாதிப்பேர் பெண் பிள்ளைகள், போன ஞாயிறு அதில் ஒருத்தி மணியடிக்க மறந்துவிட்டுச் சிரித்துவிட்டாள், சாமியாருக்கும் சிரிப்பு வந்துவிட்டது என்று. நீ பதிலே பேசவில்லை. லைன் போய்விட்டது என்று நினைத்து நான் ஹலோ ஹலோ என்று கத்திக்கொண்டிருந்தேன். அப்புறம் ராத்திரி வாட்ஸ்அப்பில் உன் கேள்வி வந்தது. "அம்மா, எனக்குப் பத்து வயசில் அது கடவுள் வகுத்த ஒழுங்கு என்று சொன்னாய். இப்போது கடவுள் மனம் மாறிவிட்டாரா?"

ஒரு சிரிப்புப் பொம்மையைப் போட்டுத் தப்பித்திருப்பேன். முடியவில்லை. நாலு நாளாக அது மண்டைக்குள்ளேயே ஓடுகிறது, அதனால்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன், பொறுமையாகப் படி.

அந்த நாள் எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது. 1990. பூசைப் பதில்கள் எல்லாம் உனக்கு அந்தப் பையன்களை விட நன்றாகத் தெரியும், அவர்கள் திணறினால் நீ பெஞ்சில் இருந்து எடுத்துக்கொடுப்பாய். ஒருநாள் நேராகச் சாமியாரிடமே போய் நானும் வரட்டுமா என்று கேட்டாய். அவர் உன் தலையைத் தட்டிக்கொடுத்துவிட்டு அம்மாவிடம் கேள் என்று என் பக்கம் தள்ளிவிட்டார். நான் நாலு பேர் பார்க்கிறார்களே என்ற பதற்றத்தில் உன் கையைப் பிடித்து இழுத்து, பெண் பிள்ளைகள் அங்கே ஏறக்கூடாது, கடவுள் வகுத்த ஒழுங்கு, வாயை மூடிக்கொண்டு வா என்றேன். நீ வாயை மூடிக்கொண்டாய். அதற்குப் பிறகு கோவிலில் நீ வாயைத் திறந்ததாகவே எனக்கு நினைவில்லை.

இப்போது நான் தெரிந்துகொண்ட ஒரு விஷயத்தைச் சொல்கிறேன், கேட்டால் உனக்குக் கோபம்தான் வரும். 1980-இல் ரோமில் இருந்து வந்த அறிவுறுத்தல், பெண்கள் பீடத்தில் உதவக்கூடாது என்று தெளிவாகவே சொன்னது. ஆனால் 1983-இல் புதிய திருச்சபைச் சட்டத் தொகுப்பு வந்தது. அதில் 230-ஆம் சட்டம், முதல் பத்தியில் சில நிரந்தரப் பணிகளை ஆண்களுக்கு என்று ஒதுக்கிவிட்டு, இரண்டாம் பத்தியில் வாசிப்பது, பாடுவது, இன்னும் பிற பணிகள் என்று சொல்லும்போது பொதுநிலையினர், அதாவது குருக்கள் அல்லாதவர்கள், என்று மட்டும் சொல்லி நிறுத்திவிட்டது. ஆண், பெண் என்ற பேச்சே இல்லை. அந்தப் பிற பணிகளில் பீட உதவியும் அடங்குமா என்று பிறகு யாரோ கேட்டார்கள். அடங்கும் என்று 1992-இல் முடிவானது, 1994-இல் ஆயர்களுக்குக் கடிதம் போனது, அதுவும் கட்டாயமாக இல்லை, அந்தந்த ஆயர் விரும்பினால் என்று. ஆக, நான் உன்னை இழுத்துக்கொண்டு வந்த அன்று, நீ ஏறலாம் என்று பொருள்படும் வரி ஏழு வருடமாகச் சட்டப் புத்தகத்திலேயே உட்கார்ந்திருந்தது. அதை அப்படி வாசிக்க ஆள்தான் இல்லை. முதல் பத்தியில் இருந்த ஆண்கள் என்ற சொல்லைப் போப் பிரான்சிஸ் 2021 ஜனவரியில் மாற்றினார்.

மதம் மாறுவது பெரும்பாலும் இப்படித்தான், பாப்பா. நான் மாறிவிட்டேன் என்று அது சொல்லவே சொல்லாது. இதுதான் எப்போதும் பொருள், நீங்கள்தான் சரியாகப் படிக்கவில்லை என்று சொல்லிக்கொண்டே இடம் மாறி உட்கார்ந்துவிடும்.

அதிலும் நேர்மையான விதம் ஒன்று இருக்கிறது. இயேசுவுக்குக் கொஞ்சம் முன்னால் இருந்த யூத குரு ஹில்லேல் செய்ததை எடுத்துக்கொள். ஏழாம் ஆண்டில் கடன்களை எல்லாம் தள்ளுபடி செய் என்பது மோசேயின் சட்டம், பைபிளில் இணைச்சட்டம் என்ற நூலின் 15-ஆம் அதிகாரம். ஏழையைக் காப்பாற்ற வந்த சட்டம்தான். நடந்தது என்ன? ஏழாம் ஆண்டு நெருங்க நெருங்கப் பணம் உள்ளவன் கடனே கொடுக்கவில்லை, ஏழைதான் மாட்டிக்கொண்டான். ஹில்லேல் சட்டத்தை அழிக்கவில்லை, ஒரு பத்திரம் எழுதும் முறையைக் கொண்டுவந்தார். கடனை வசூலிக்கும் உரிமையை நீதிமன்றத்திடம் ஒப்படைத்துவிட்டால் தள்ளுபடி அதற்குப் பொருந்தாது. பிரோஸ்பூல் என்று பெயர். தந்திரம் என்று நீ சொல்வாய், தந்திரம்தான். ஆனால் அந்தத் தந்திரத்தால் ஏழைக்கு மறுபடியும் கடன் கிடைத்தது.

வட்டிக் கதை அவ்வளவு அழகாக இல்லை. 1179-இல் ரோமில் ஆயர்கள் கூடிய லத்தரன் சங்கம், ஊரறிய வட்டி வாங்குகிறவனுக்கு நற்கருணையும் கிடையாது, கிறிஸ்தவ அடக்கமும் கிடையாது என்றது. அப்புறம் வணிகம் வளர்ந்தது. கொடுத்த பணத்தால் வேறு இடத்தில் வரக்கூடிய லாபம் போய்விட்டதே, அதற்கு ஈடு கேட்டால் அது வட்டியாகுமா என்று இறையியலாளர்கள் நூலிழை நூலிழையாகப் பிரித்தார்கள். 1830-களில், சட்டப்படியான வட்டி வாங்குகிறவர்களைப் பாவசங்கீர்த்தனத்தில் தொந்தரவு செய்யாதீர்கள் என்று ரோம் குருக்களுக்குச் சொன்னது. 1917 சட்டத் தொகுப்பில் அது சாதாரண விஷயமாகிவிட்டது. 1942-இல் வத்திக்கானுக்கே வங்கி. அடக்கம் மறுக்கப்பட்டவர்களுக்கு யாராவது வருத்தம் தெரிவித்தார்களா? நான் எங்கும் படிக்கவில்லை. ஐந்தாம் நூற்றாண்டில் லேரின்ஸ் தீவில் இருந்த வின்சென்ட் என்ற துறவி, கோட்பாடு வளர்வது குழந்தையின் உடம்பு வளர்வது போல, கைகால் நீளும், ஆள் அதே ஆள்தான் என்று எழுதினார். பிள்ளை பெற்றவள் என்பதால் எனக்கு அந்த உவமை பிடிக்கும். ஆனால் வட்டி விஷயத்தில் நடந்ததை வளர்ச்சி என்று சொல்ல எனக்கு நாக்கு வரவில்லை. வடக்கே போன வண்டி தெற்கே திரும்பியிருக்கிறது.

வெளிப்படையாகச் சொல்லிவிட்டு மாறியவர்களும் உண்டு. இஸ்லாமியச் சட்ட அறிஞர் இமாம் ஷாபியி ஈராக்கில் இருந்தபோது சொன்ன தீர்ப்புகளில் பலவற்றை எகிப்துக்குப் போன பிறகு மாற்றினார். 820-இல் இறந்தார். பழைய கருத்து, புதிய கருத்து என்று இரண்டுக்கும் பெயர் வைத்து அவர் வழிவந்தவர்கள் இன்றுவரை பாதுகாக்கிறார்கள், மறைக்கவில்லை. எனக்கு அது பெரிய மரியாதையாகப் படுகிறது. இதற்கு நேர்மாறாகப் பௌத்தத்தில் ஒரு கதை. புத்தர் கடைசி நாட்களில், சின்னச் சின்ன விதிகளைச் சங்கம் விரும்பினால் விட்டுவிடலாம் என்று தன் சீடர் ஆனந்தரிடம் சொன்னார். எவை சின்னவை என்று ஆனந்தர் கேட்காமல் விட்டுவிட்டார்! ராஜகிருகத்தில் முதல் சங்கம் கூடியபோது ஆளுக்கொன்று சொன்னார்கள், கடைசியில் மகா காசியபர் எதையும் சேர்க்கவும் வேண்டாம், எடுக்கவும் வேண்டாம் என்று முடித்துவிட்டார். ஆனந்தருக்குத் திட்டும் கிடைத்தது. மாற்றலாம் என்று குருவே அனுமதி கொடுத்தாலும் மனிதர்களுக்குக் கை வராது, பார்த்தாயா.

என் பாட்டியும் அப்படித்தான். எனக்குப் பன்னிரண்டு வயதில் லத்தீன் போய் நம் மொழி வந்தது. உலகத்து ஆயர்கள் எல்லாம் கூடிய இரண்டாம் வத்திக்கான் சங்கம் 1962-இல் இருந்து 1965 வரை நடந்தது, அதன் விளைவு. அதுவரை சுவரைப் பார்த்து நின்ற சாமியார் எங்களைப் பார்த்துத் திரும்பினார், பூசை போய்த் திருப்பலி என்று புதுப் பெயர் வந்தது. எங்களுக்கெல்லாம் ஒரே கொண்டாட்டம், பாட்டி மட்டும் அழுதுவிட்டாள். அவளுக்கு லத்தீன் ஒரு வார்த்தை புரியாது. எனக்குப் புரியாவிட்டால் என்ன, யாருக்குச் சொல்கிறேனோ அவருக்குப் புரிந்ததே என்றாள். அப்போது நான் சிரித்தேன். இப்போது சிரிப்பு வரவில்லை. நல்ல மாற்றத்திலும் யாரோ ஒருவருடைய வீடு இடிகிறது.

நீ அடுத்து என்ன கேட்பாய் என்று தெரியும். சரி, காலத்தோடு மாறிவிட வேண்டியதுதானே, எதற்கு இத்தனை இழுவை? நானும் கொஞ்ச நாள் அப்படித்தான் நினைத்தேன். ஆனால் காலத்தோடு போவது என்றாலே நல்லது என்று ஆகிவிடாது. 1452-இல் ஐந்தாம் நிக்கோலஸ் போப் போர்ச்சுகல் மன்னருக்கு மற்ற மக்களைப் பிடித்து அடிமையாக்க அனுமதி எழுதிக்கொடுத்தாரே, அது அந்தக் காலத்தின் அரசர்களுக்கு இசைந்த இறையியல். 1845-இல் அமெரிக்காவில் தெற்கத்தி பாப்டிஸ்ட் சபைக்காரர்கள் தனியே பிரிந்தது, அடிமை வைத்திருப்பவன் மிஷனரியாகப் போகலாமா என்ற சண்டையில், போகலாம் என்ற கட்சியாக. 1995-இல், நூற்றைம்பது வருடம் கழித்து மன்னிப்புக் கேட்டார்கள். ஜெர்மனியில் 1933-இல் "ஜெர்மானியக் கிறிஸ்தவர்கள்" என்ற கூட்டம், புதிய காலம் பிறந்துவிட்டது, பழைய ஏற்பாட்டைத் தூக்கிப்போடு, யூத ரத்தம் உள்ளவரைப் போதகர் பணியில் இருந்து நீக்கு என்றது. அன்றைக்கு நவீனமாகத் தெரிந்தவர்கள் அவர்கள்தான். மாற மாட்டோம் என்று 1934 மே மாதம் பார்மெனில் கூடி அறிக்கை விட்டார்களே, இறையியலாளர் கார்ல் பார்த்தும் மற்றவர்களும், அவர்கள்தான் பழமைவாதிகளாகத் தெரிந்திருப்பார்கள்.

அதனால் மாறினார்களா இல்லையா என்று நான் இப்போது பார்ப்பதில்லை. யார் சொல்லி மாறினார்கள் என்று பார்க்கிறேன். அரண்மனை கேட்டதற்காகவா, கதவுக்கு வெளியே நின்றவர் கேட்டதற்காகவா? இதுவும் எல்லா இடத்திலும் பொருந்தும் அளவுகோல் என்று சொல்ல மாட்டேன், வட்டி விஷயத்தில் கேட்டது வணிகன்தான், ஆனால் கடன் வாங்கியவனுக்கும் அதில் வழி பிறந்தது.

வெளியே நின்று கேட்டவர்களுக்குக் கிடைப்பது என்ன என்றும் பார். எல்லோருக்கும் மதச் சுதந்திரம் உண்டு என்று எழுதிய ஜான் கோர்ட்னி மர்ரே என்ற இயேசு சபைக் குருவை 1950-களில் எழுதாதே என்று வாயடைத்தார்கள். பத்து வருடத்துக்குள் அதே விஷயத்தில் இரண்டாம் வத்திக்கான் சங்கத்தின் அறிக்கையை எழுத உதவ அவரையே கூப்பிட்டார்கள், 1965-இல் அது நிறைவேறியது. ஈவ் கொங்கார் என்ற பிரெஞ்சு தொமினிக்கன் சபைத் துறவி 1954-இல் பாரிஸை விட்டே அனுப்பப்பட்டார், 1994-இல் தொண்ணூறு வயதில் அவருக்குக் கர்தினால் பட்டம். பட்டம் கிடைத்தது சரி. நடுவில் போன வருடங்களை யார் திருப்பிக் கொடுத்தார்கள்?

இதை எழுதும்போது உன் ஞாபகம்தான் வந்தது. உனக்குப் பட்டம்கூட யாரும் தரவில்லை. நான் போனில் சிரித்துக்கொண்டு ஒரு நல்ல செய்தி போல அதைச் சொன்னேன், அது உன்னிடம் இருந்து எடுத்த பொருள் என்பதே எனக்கு உறைக்கவில்லை. கடவுள் மனம் மாறினாரா என்று எனக்குச் சொல்லத் தெரியாது. கடவுள் பெயரைச் சொல்லி அன்று உன்னை அடக்கியது நான். எனக்குச் சட்டமும் தெரியாது, இறையியலும் தெரியாது, பக்கத்து பெஞ்சுக்காரி என்ன நினைப்பாள் என்ற பயம் மட்டும் இருந்தது. அதற்கு ஒழுங்கு என்று பெயர் வைத்துவிட்டேன். என்னை மன்னித்துவிடு. நீ திரும்பக் கோவிலுக்கு வர வேண்டும் என்பதற்காக இதைக் கேட்கவில்லை, அது உன் விருப்பம்.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். நான் இப்போது கோவிலில் வாசகம் வாசிக்கிறேன். உன்னிடம் சொல்லக் கூச்சமாக இருந்தது. ஒருமுறை எனக்கு வந்தது எபேசியர் 5-ஆம் அதிகாரம், மனைவியர் கணவருக்குப் பணிந்திருக்க வேண்டும் என்ற பகுதி. எனக்குக் கொடுத்தவருக்கே சிரிப்பு. ஆனால் ஞாயிறு வாசகம் 22-ஆம் வசனத்தில் தொடங்கவில்லை, 21-இல் தொடங்குகிறது. ஒருவருக்கொருவர் பணிந்திருங்கள் என்பது அந்த வசனம். பல பைபிள்களில் இரண்டுக்கும் நடுவில் ஒரு தலைப்பைப் போட்டுப் பிரித்து வைத்திருப்பார்கள். மிகப் பழைய கிரேக்கச் சுவடிகள் சிலவற்றில் 22-க்குத் தனியாக வினைச்சொல்லே கிடையாதாம், 21-இல் இருந்துதான் கடன் வாங்க வேண்டும். உன் தமிழ் டீச்சர் கேட்டால் சந்தோஷப்பட்டிருப்பார்.

நான் 21-ஐ வாசித்துவிட்டு, மைக்கைச் சரிசெய்வது போல, வேண்டுமென்றே கொஞ்ச நேரம் நிறுத்தினேன். மூன்றாவது பெஞ்சில் தூங்கிக்கொண்டிருந்த உன் அப்பா, வாசகம் முடிந்துவிட்டது என்று நினைத்துச் சத்தமாக "இறைவா உமக்கு நன்றி" என்று சொல்லிவிட்டார்.

அன்புடன்,
அம்மா