கிலோமீட்டருக்கு எத்தனை நிமிடம்?

கேத்தி,
தை 10

அன்புள்ள மாப்பிள்ளைக்கு,

உன் கடிதம் வந்து பத்து நாளாகிறது. உறைபனியில் விரல் மடங்கவில்லை. விடிந்து பார்த்தால் கேரட் தோட்டம் உப்புத் தூவியதுபோல் வெளுத்துக் கிடக்கிறது. முழங்கால் வலி உனக்கு மட்டும்தான் என்று நினைக்காதே.

பேத்தி இப்போது ஏழாம் வகுப்பு. ஒன்றுக்கு எவ்வளவு என்று முதலில் கண்டுபிடிக்கும் ஓரலகு முறைக் கணக்கோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தாள். நம் மலை ரயிலையே கணக்காகக் கொடுத்தேன். மேட்டுப்பாளையத்திலிருந்து ஊட்டிக்கு 46 கிலோமீட்டர். ஏற 4 மணி 50 நிமிடம், இறங்க 3 மணி 35 நிமிடம். வேகம் என்ன? காலண்டர் தாளின் பின்பக்கத்தில் 46-ஐ 4.50-ஆல் வகுத்தாள். எஸ்.எஸ்.எல்.சி. பரீட்சையில் நீ அடித்த அதே கூத்து! மணிக்கு நிமிடம் அறுபதுதான், நூறு இல்லை என்று சொல்லி நிமிடமாக மாற்ற வைத்தேன்: 290, 215. ஏறும்போது மணிக்கு 9.5 கிலோமீட்டர், இறங்கும்போது 12.8. கல்லாறு முதல் குன்னூர் வரை பன்னிரண்டு அடிக்கு ஓரடி ஏற்றம். பல்சக்கரத்தால் பல்தண்டவாளத்தைப் பற்றிக்கொண்டு ஏறும் வண்டி வேறெப்படி ஓடும்?

போய்வர சராசரி கேட்டேன். இரண்டையும் கூட்டிப் பாதியாக்கி 11.2 என்றாள். மொத்தம் 92 கிலோமீட்டர், 505 நிமிடம், வகுத்தால் 10.9தான். மெதுவாகப் போன நேரம் அதிகம், சராசரி அந்தப் பக்கம் சாய்கிறது. "துளி வித்தியாசம்தானே தாத்தா" என்றாள். சரி, வேகம் ஏற மணிக்கு 10, இறங்க 40 என்று வைத்துக்கொள் என்றேன். 25 வரும் என்றிருந்தவளுக்கு 16 வந்ததும் பென்சிலைக் கீழே வைத்துவிட்டாள்.

அடுப்படியிலிருந்து உன் தங்கை குரல் கொடுத்தாள்: "கிலோமீட்டருக்கு எத்தனை நிமிடம் என்று கேளுங்களேன். இந்த மலையில் யார் மைல் பேசினார்கள்? அரை மணி நடை, முக்கால் மணி நடை, அவ்வளவுதானே!"

போட்டுப் பார்த்தோம். ஏற்றத்தில் ஒரு கிலோமீட்டருக்கு 6 நிமிடம் 18 விநாடி, இறக்கத்தில் 4 நிமிடம் 40 விநாடி. இவற்றைத் தாராளமாகக் கூட்டிப் பாதியாக்கலாம், இரு பக்கமும் தூரம் ஒன்றுதானே. 5 நிமிடம் 29 விநாடி. மணிக்குத் திருப்பினால் அதே 10.9! முப்பது வருடம் கணக்கு வாத்தியாராக இருந்த எனக்கு இது தோன்றவே இல்லை. இரண்டு நாளாக வீட்டில் அவள் ராஜ்யம்தான்.

மாசியில் வா. ரயிலிலேயே வா. கல்லாறு தாண்டியதும் கைக்கடிகாரத்தைப் பார்த்துக் கிலோமீட்டருக்கு எத்தனை நிமிடம் என்று குறித்துவை, பேத்தி கேட்பாள். முழங்காலுக்கு நீலகிரித் தைலம் வாங்கி வைத்திருக்கிறேன்.

அன்புடன்,
உன் பழைய பெஞ்சுக்காரன்