ஆழிக்கனல் எந்த மண்ணில் கிடைக்கிறது?

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதுவது. இங்கு அனைவரும் நலம். அம்மாவுக்கு முழங்கால் வலி குறைந்திருக்கிறது; மாலையில் சில்வர் பீச் வரை போய் வருகிறாள்.

நீ அனுப்பிய கதையின் முதல் மூன்று அத்தியாயங்களையும் படித்து முடித்தேன். ஆழிக்கனல் என்று நீ பெயர் வைத்திருக்கும் அந்த நீலக் கல் மனத்தை விட்டு அகலவே இல்லை. உள்ளங்கையில் வைத்து அழுத்தினால் சூடேறும், ஒரு துண்டு இருந்தால் ஒரு வீட்டுக்கு மாதம் முழுக்க அடுப்பெரியும், காற்று இல்லாமலே கப்பல் ஓடும். மீன்காரப் பெண்கள் விடியற்காலைக் குளிருக்கு அதை முந்தானையில் முடிந்துகொண்டு கரையில் காத்திருக்கிறார்களே, அந்த இடம் அருமை. அரண்மனை விளக்குகளைப் படித்தபோது வராத நம்பிக்கை அந்த முடிச்சைப் படித்ததும் வந்தது.

ஆனால், அந்தக் கல் மண்ணுக்குள் எப்படிக் கிடக்கிறது என்று நீ ஒரு வரிகூட எழுதவில்லை. வேண்டும்போது யாரோ மலைக்குப் போகிறான், மூட்டை கட்டிக்கொண்டு வருகிறான். நெய்வேலிச் சுரங்கத்தில் உழைத்து ஓய்வு பெற்றவன் நான். அந்த வரிக்கு மேல் என்னால் சுலபமாக நகர முடியவில்லை.

நெய்வேலியில் தோண்டத் தொடங்கியது 1957-ல். பழுப்பு நிலக்கரி கண்ணில் பட்டது 1961-ல். அதுவரை வெட்டி எடுத்ததெல்லாம் வெறும் மண். கரிக்கு அடியிலோ, மேலே பீறிடத் துடிக்கும் அழுத்தத்தோடு நிலத்தடி நீர் நிற்கிறது. இரவும் பகலும் பம்பு ஓட்டி அந்த அழுத்தத்தைக் குறைத்தால்தான் மேலே நின்று வெட்ட முடியும். பம்பு நின்றால் தரை பிளந்து சுரங்கமே மூழ்கிவிடும்.

புதிதாக வெட்டிய கரிக்கட்டியைக் கையில் எடுத்தால் ஈரம் ஒட்டும். அதன் எடையில் ஏறக்குறைய பாதி தண்ணீர். உற்றுப் பார்த்தால் மரத்தின் நார் தெரியும். வெயிலில் கிடந்தால் காய்ந்து, வெடித்து, உதிர்ந்துவிடும். குவித்துவைத்துக் கவனிக்காமல் விட்டால், யாரும் நெருப்பு வைக்காமலே உள்ளே சூடேறிப் புகையத் தொடங்கும். அதனால் குவியல் மேல் தண்ணீர் பீய்ச்சுவோம். இத்தனை ஈரத்தையும் சுமந்துகொண்டு அதைத் தொலைவுக்கு அனுப்பினால் கட்டுபடியாகாது. அதனால்தான் அனல்மின் நிலையத்தைச் சுரங்கத்தின் பக்கத்திலேயே கட்டினார்கள், அதைச் சுற்றி நகரமும் எழுந்தது. கரியின் குறைதான் ஊரின் இடத்தை முடிவு செய்தது, பார்த்தாயா? உன் கல்லுக்கு ஒரு குறையும் இல்லை. அது மலையை விட்டு விலக விலகச் சூடு இழக்கும் என்று வைத்துப்பார். உன் துறைமுகப் பட்டினம் அப்போது என்ன பாடுபடும்!

அது பிறந்த விதமும் வேண்டும். திருவக்கரைக்கு உன்னைக் கூட்டிப்போனது நினைவிருக்கிறதா? மணலில் புதைந்த மரங்களுக்குள் சிலிக்கா கலந்த நீர் ஊறி, மரத்தின் வரிகூடக் கலையாமல் கல்லாக்கி வைத்திருக்கிறது. அங்கே மரம் கல்லானது, நெய்வேலியில் மரம் கரியானது. இரண்டும் பஸ்ஸில் போய் வரும் தூரம்தான். உன் ஆழிக்கனல் முன்பு என்னவாக இருந்தது? வற்றிப்போன ஒரு பழைய கடலின் பவளம், காலங்காலமாக வெயிலைக் குடித்து இறுகியது என்று எனக்குத் தோன்றுகிறது. அப்படியானால் புதிதாக விளையாது. எடுக்க எடுக்கத் தீரும். அரசனுக்கும் மலை மக்களுக்கும் நடக்கும் சண்டைக்கு நீ தேடிய காரணம் அங்கேயே இருக்கிறது.

காயம் ஆற்றும் பொடியை எடுத்துவிடு. அடுப்பையும் கப்பலையும் பார்த்துக்கொள்ளும் கல் வைத்தியமும் செய்ய வேண்டாம். மந்திர வாளும் வேண்டாம், அது எல்லோர் கதையிலும் இருக்கிறது.

வெட்டுகிறவர்களைப் பற்றி எழுது, கண்ணு. காலை ஷிப்டுக்கு அவர்கள் எத்தனை மணிக்கு இறங்குகிறார்கள்? மேல்மண்ணை எங்கே கொட்டுகிறார்கள், அது யாருடைய வயலாக இருந்தது? கூலி காசாகக் கிடைக்கிறதா, கல்லாகவா? கல்லாக என்றால், தங்கள் வீட்டு அடுப்பில் அதை எரிக்க அவர்களுக்கு அனுமதி உண்டா? நான்காம் அத்தியாயத்தை எழுதுவதற்கு முன்பே இதற்கெல்லாம் பதில் எழுதி அனுப்பு.

அன்புடன்,
அப்பா
கடலூர்