வாசகர் வட்டச் செயலாளரின் ஆண்டறிக்கை, 2025

தலைவர் அவர்களுக்கும் வந்திருக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம். வராதவர்களைப் பற்றிப் பின்னால் சொல்கிறேன்.

ஆண்டில் பதினொரு கூட்டங்கள் நடந்தன. பிப்ரவரிக் கூட்டம் மண்டபத்து ஹீட்டர் பழுதானதால் நடக்கவில்லை. பொங்கல் விழா வழக்கம்போல் நடந்தது. சர்க்கரைப் பொங்கல் கடைசி வரிசைக்கு எட்டவில்லை என்ற புகார் குறிப்பேட்டில் ஏறியிருக்கிறது. ப்ரொஜெக்டர் போய்விட்டது. புதிது வாங்கவில்லை.

இந்த ஆண்டின் வாசிப்புப் பொருள் இடைக்கால இங்கிலாந்தின் சட்டமும் அதிகாரமும் ஊர்வாழ்க்கையும். இதைத் தேர்ந்தவன் நான்தான் என்பதை ஒப்புக்கொள்கிறேன். லண்டனில் இருபது வருஷம் வரி கட்டிய பிறகு, போன ஆண்டு எனக்கு ஜூரி அழைப்பு வந்தது, அதாவது குற்றவாளியா இல்லையா என்று நீதிமன்றத்தில் தீர்ப்புச் சொல்லும் பன்னிரண்டு சாதாரண ஆட்களில் ஒருவராக உட்கார. இரண்டு வாரம் போய் உட்கார்ந்தேன். ஜூரி அறையில் பேசியதை வெளியே சொல்லக்கூடாது என்பது சட்டம், வீட்டில்கூடச் சொல்லவில்லை. ஆனால் இந்தப் பன்னிரண்டு பேர் எங்கிருந்து முளைத்தார்கள் என்ற கேள்வி மட்டும் என்னை விடவில்லை.

1215 என்றதும் நமக்கு, மன்னரின் அதிகாரத்துக்கு வரம்பு கட்டிய மாக்னா கார்ட்டா சாசனம்தான் நினைவுக்கு வரும். அதே ஆண்டு நவம்பரில் ரோமில் கூடிய லேட்டரன் சபை என்ற திருச்சபைக் கூட்டம், தெய்வமே தீர்ப்புச் சொல்லும் என்று நம்பி நடத்திய தெய்வச் சோதனைகளைப் பாதிரியார்கள் ஆசீர்வதிக்கக்கூடாது என்று தடை போட்டது. அதுவரை குற்றம் சாட்டப்பட்டவர் பழுக்கக் காய்ச்சிய இரும்பைக் கையில் ஏந்தி நடப்பார். கையைக் கட்டி, மூன்றாம் நாள் பிரித்துப் பார்ப்பார்கள். சீழ் பிடித்திருந்தால் குற்றவாளி. இரும்புக்குப் பதிலாகச் சிலரைத் தண்ணீரில் இறக்குவார்கள்; மூழ்கினால் நிரபராதி. பாதிரியார் வராமல் சோதனை கிடையாது. 1219-இல் மூன்றாம் ஹென்றியின் நீதிபதிகள் கையைப் பிசைந்துகொண்டு நிற்க, அந்த இடத்துக்கு அக்கம்பக்கத்து ஆட்கள் பன்னிரண்டு பேர் வந்து சேர்ந்தார்கள். ஊரில் நடந்தது அவர்களுக்குத் தெரியும், அதனால்தான் கூப்பிட்டார்கள். என்னிடமோ, வழக்கில் சம்பந்தப்பட்ட யாரையாவது தெரியுமா என்றுதான் முதலில் கேட்டார்கள். தெரியும் என்றிருந்தால் வீட்டுக்கு அனுப்பியிருப்பார்கள்.

மார்ச் கூட்டத்தில் கென்ட் மன்னர் ஏதல்பர்ட்டின் சட்டம் படித்தோம். ஏறக்குறைய கி.பி. 600-ஐச் சேர்ந்தது. முன்பல் ஒன்றுக்கு 6 ஷில்லிங், கட்டைவிரலுக்கு 20, கட்டைவிரல் நகத்துக்கு 3 என்று நஷ்டஈட்டு விலைப்பட்டியலே இருக்கிறது. நம் பல் டாக்டர் உறுப்பினர் அன்று ரொம்ப உற்சாகமாக இருந்தார்.

அப்புறம், மாக்னா கார்ட்டா பிறந்த புல்வெளியான ரன்னிமீடுக்குப் பயணம். ஜூன் 15, ஞாயிறு. மாக்னா கார்ட்டாவின் தேதியும் அதுதான். 1381-இல் விவசாயிகள் கிளர்ச்சியின் தலைவர் வாட் டைலர் ஸ்மித்ஃபீல்டில் வெட்டுப்பட்டதும் அதே தேதியில்தான். இரண்டையும் சேர்த்துப் பேச பதினான்கு பக்கம் எழுதி வைத்திருந்தேன். வருகிறோம் என்று வாட்ஸ்அப்பில் கட்டைவிரல் காட்டியவர்கள் இருபத்தாறு பேர். வந்தது ஒன்பது. அதில் இருவர் சிறுவர்கள். புல்வெளியில் பன்னிரண்டு வெண்கல நாற்காலிகள் போட்டிருக்கிறார்கள், 2015-இல் வைத்த கலைப்படைப்பு. எல்லோரும் உட்கார்ந்த பிறகும் மூன்று காலியாக இருந்தன. புளியோதரை மீந்துவிட்டது. வேன் வாடகை மீதியை நான் போட்டேன். பதினான்கு பக்கத்தில் ஐந்தைப் படித்தேன்.

இப்படி ஆட்கள் வராததால்தான் செப்டம்பர் கூட்டத்தில் மேனர் நீதிமன்றச் சுருள்களை, அதாவது பண்ணையார் தன் ஊரில் நடத்திய நீதிமன்றத்தின் பதிவுகளை எடுத்தேன். சிலர் அதைத் தங்களைக் குத்துவதாக நினைத்தார்கள். பாதி உண்மை. பண்ணையாரின் நீதிமன்றம் பல ஊர்களில் மூன்று வாரத்துக்கு ஒருமுறை கூடும். தோல் சுருளில் லத்தீனில் பெரும்பாலும் முதலில் எழுதுவது, வர முடியாமல் ஆள் மூலம் சாக்கு சொல்லி அனுப்பியவர்களின் பெயர்களைத்தான். இதற்கு எஸாய்ன் என்று பெயர். சொல்லாமல் வராதவருக்கு இரண்டு மூன்று பென்னி அபராதம். 1348-இல் வந்த பெரும் கொள்ளைநோய்க்கு முன் ஒரு கூலியாளின் நாள்கூலியே கிட்டத்தட்ட அவ்வளவுதான். அரச நீதிமன்றத்தில் இன்னும் கறார். எழ முடியாமல் படுத்திருக்கிறேன் என்று சொன்னால் நான்கு நைட்டுகள் (பட்டம் பெற்ற வீரர்கள்) நேரில் போய்ப் பார்ப்பார்கள். உண்மையென்று கண்டால் ஒரு வருஷமும் ஒரு நாளும் அவகாசம். நம் குழுவில் “காய்ச்சல் சார்” என்று எழுதிவிட்டு அதே மாலை கிரிக்கெட் ஸ்கோர் போடுபவர்கள் இதைக் கவனிக்க வேண்டும்.

அந்தக் கூட்டத்தில் துணைத் தலைவர் எழுந்து, “அபராதம் எல்லாம் பண்ணையார் பைக்குத்தானே போச்சு? இங்கே பண்ணையார் யாரு, நீங்களா?” என்று கேட்டார். எல்லோரும் சிரித்தார்கள். அவர் சொன்னது சரிதான், மறைக்க விரும்பவில்லை. மகளுக்குக் கல்யாணம் செய்யக் கட்டணம், குடும்பத் தலைவர் இறந்தால் வீட்டின் சிறந்த மாடு என்று பண்ணையாளிடம் பண்ணையார் வாங்கியதெல்லாம் அந்தச் சுருளில்தான் ஏறியது. அதிகாரம் அந்தத் தோலில் இருந்தது என்பது ஊருக்கே தெரியும். அதனால்தான் 1381-இல் தலைக்கு 12 பென்னி வரி கேட்டபோது எழுந்தவர்கள் எஸ்ஸெக்ஸிலும் கென்ட்டிலும் முதல் வேலையாகச் சுருள்களைத் தேடி எரித்தார்கள். அந்தக் கூட்டத்துக்குப் பிறகு நம் வருகைப் பதிவேட்டை இரண்டு வாரம் காணவில்லை. வேடிக்கையாகத்தான் செய்திருப்பார்கள். திரும்பக் கிடைத்துவிட்டது.

சந்தா. உறுப்பினர்கள் நாற்பத்தொருவர், கட்டியவர்கள் பதினேழு பேர். 1388-இல் கேம்பிரிட்ஜில் கூடிய பாராளுமன்றத்துக்குப் பிறகு, எதற்காகத் தொடங்கினீர்கள், விதி என்ன, சொத்து என்ன என்று நாட்டிலுள்ள சங்கங்களையெல்லாம் எழுதித்தரச் சொன்னது இரண்டாம் ரிச்சர்டின் அரசு. அப்படி வந்த அறிக்கைகளில் ஏறக்குறைய 500 இன்றும் இருக்கின்றன. சாதாரண ஊர்ச் சங்கங்கள்: தேவாலயத்தில் மெழுகுவர்த்தி ஏற்றுவது, உறுப்பினர் இறந்தால் அடக்கச் செலவு, நொடித்துப்போனவருக்கு வாரப்பணம். பெண்களும் உறுப்பினர்கள். கூட்டத்துக்கு வராதவர் பல சங்கங்களில் மெழுகாகவே அபராதம் கட்ட வேண்டும், பவுண்டு எடைக் கணக்கில். நான் மெழுகு கேட்கவில்லை. பதினைந்து பவுண்டு பணம் கேட்கிறேன். நொடித்துப்போனவர் யாராவது இருந்தால் தனியாகச் சொல்லுங்கள், தள்ளுபடி செய்யலாம். ஆனால் கார் மாற்றியவர்கள் தயவுசெய்து சொல்ல வேண்டாம்.

வரவு செலவு ஏறத்தாழ சமமாக இருக்கிறது. ரசீதுகள் பொருளாளரிடம் ஒரு பிஸ்கட் டப்பாவில் உள்ளன. விரும்புபவர் பார்க்கலாம். இரண்டு ரசீது என் கோட்டுப் பையில் இருக்கிறது, தந்துவிடுவேன்.

மண்டபம் தந்த நிர்வாகத்துக்கும், தேநீர் போட்ட மகளிர் குழுவுக்கும், நாற்காலி அடுக்கிய இளைஞர்களுக்கும் நன்றி.

வரும் ஆண்டு பொறுப்பு பற்றி. எனக்கு இது ஆறாவது ஆண்டு. நான் சொன்ன அந்த இடைக்காலச் சங்கங்கள் பலவற்றில் பொறுப்புக்குத் தேர்ந்தெடுத்தவர் மறுத்தால் அவருக்கும் அபராதம் உண்டு. நான் மறுக்கவில்லை. வேறு யாராவது முன்வந்தால் தடுக்கவும் மாட்டேன். பெயர் கொடுக்கும் தாள் வாசல் மேசையில் பதிவேட்டுக்குப் பக்கத்தில் இருக்கிறது; காலையிலிருந்து வெள்ளையாகவே கிடக்கிறது. வடைத்தட்டும் அதே மேசையில்தான். பதிவேட்டில் கையெழுத்துப் போட்டுவிட்டு எடுத்துக்கொள்ளுங்கள்.

இப்படிக்கு,
செயலாளர்