ஒளிப்பதிவாளர் பெயரையும் போடுங்கள்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

சென்ற ஞாயிறு பதிப்பில் உள்ளூர்ப் படம் ஒன்றுக்கு அரைப்பக்க விமர்சனம் வந்திருந்தது. கதாநாயகன், இயக்குநர், இசையமைப்பாளர் எல்லார் பெயரும் இருந்தது. ‘காட்சிகள் கண்ணுக்குக் குளிர்ச்சி’ என்று எழுதிய விமர்சகர், அந்தக் குளிர்ச்சியைக் கொடுத்தவர் யார் என்று மட்டும் சொல்லவில்லை. தொலைக்காட்சி நாடகங்களுக்கும் இதே கதிதான். ஆவணப்படத்துக்கோ விமர்சனமே வருவதில்லை.

நான் சுங்கை சிப்புட்காரன். நாடகம், ஆவணப்படம், இடையிடையே சினிமா என்று கேமரா பிடித்தே காலம் தள்ளியவன். அதனால் இதில் கொஞ்சம் சொந்த வயிற்றெரிச்சலும் உண்டு.

சினிமா கிடைக்காதவர்தான் ஆவணப்படத்துக்குப் போவார் என்று நம்மவர்களுக்கு ஓர் எண்ணம். விடியுமுன் கித்தாக்காட்டில், அதாவது ரப்பர் தோட்டத்தில், ஒருவர் பாலுக்காக மரம் சீவுவதைப் படம் பிடித்துப் பார்க்கட்டும். இருக்கிற வெளிச்சம் அவர் நெற்றியில் கட்டிய விளக்கு ஒன்றுதான். அது பட்டையிலும் கத்தியிலும் விழும், முகம் இருட்டில் கிடக்கும். முகம் தெரியட்டும் என்று லென்ஸைத் திறந்தால் பட்டை வெளுத்துப்போகும், வழிகிற பால் கண்ணுக்கே தெரியாது. நாடகமென்றால் மரத்துக்குப் பின்னால் ஒரு விளக்கைக் கட்டிவிட்டு, “இன்னொரு டேக் போகலாம் அண்ணே” என்று கேட்கலாம். இங்கே அவருக்கு இன்னும் நானூறு, ஐந்நூறு மரம் பாக்கி. வெயில் ஏறினால் பால் குறைந்துவிடும். சீவிய இடத்தை மறுபடி சீவிக் காட்டவும் முடியாது. பட்டையில் பட்ட வெளிச்சம் எந்தப் பக்கம் திரும்பி அவர் கன்னத்தில் விழும் என்று கணித்து, அவர் அடுத்த மரத்துக்கு வருமுன் நாம் அங்கே போய் நிற்க வேண்டும். சினிமா செட்டில் பிற்பாடு எனக்குச் சோறு போட்டது இந்தக் கணக்குதான்.

பெரிய ஆட்களும் இப்படி வந்தவர்கள்தான். இங்கிலாந்தின் ஒளிப்பதிவாளர் ரோஜர் டீக்கின்ஸ் 1970களில் ஆப்பிரிக்காவில் போரைப் படமெடுத்தார்; உலகைச் சுற்றிய பாய்மரப் படகுப் போட்டியில் மாதக்கணக்கில் படகிலேயே இருந்து படம் பிடித்தார். அப்புறம்தான் சினிமா. பதினான்காவது பரிந்துரையில், 2018இல், அவருக்கு முதல் ஆஸ்கார், 2020இல் இன்னொன்று. நம் மலேசியாவிலும் 1946இல் அரசாங்கம் தொடங்கிய மலாயா பிலிம் யூனிட் பெரும்பாலும் எடுத்தது ஆவணப்படங்களைத்தான். தொலைக்காட்சி வந்ததே 1963 டிசம்பர் கடைசியில்.

பெயர் போட்டால் என்ன ஆகிவிடும் என்று கேட்கலாம். பள்ளி இறுதித் தேர்வான எஸ்.பி.எம். முடித்த பிள்ளை கேமரா படிக்கிறேன் என்றால், எங்கள் ஊரில் வரும் முதல் கேள்வி “கல்யாண வீடியோவா?” (கல்யாண வீடியோ பல குடும்பங்களைக் காப்பாற்றியிருக்கிறது, அது வேறு விஷயம்.) பத்திரிகையில் பெயரைப் பார்த்தால்தான் பெற்றோர் அதை ஒரு தொழிலாக நினைப்பார்கள். தொழிலில் இருப்பவருக்கோ நாள் சம்பளம்தான், அதையும் சில தயாரிப்பாளர்களிடம் நடையாய் நடந்துதான் வாங்க வேண்டும். அவருக்கு அடுத்த வேலையைக் கொண்டுவருவது பெயர் ஒன்றுதான்.

ஆகவே விமர்சனத்தோடு வரும் பெட்டியில், இயக்குநர் பெயருக்குக் கீழே ‘ஒளிப்பதிவு’ என்று ஒரு வரி சேர்க்கக் கேட்டுக்கொள்கிறேன். நாடகங்களுக்கும் அப்படியே. மாதம் ஒரு ஆவணப்படத்தையாவது விமர்சகர் பார்த்து எழுதட்டும், பிடிக்கவில்லை என்று எழுதினாலும் சரி.

இப்படிக்கு,
ஒரு முன்னாள் கேமராமேன்,
சுங்கை சிப்புட், பேராக்.