இருபது கல்லில் ஒன்று எங்கே போனது?
செங்கல் சூளை உரிமையாளர் சங்கங்களுக்கு ஒரு திறந்த மடல்

ஈரோடு, கோவை, திருப்பூர் வட்டாரங்களில் சூளை நடத்தும் முதலாளிகளுக்கும் அவர்களுடைய சங்கப் பொறுப்பாளர்களுக்கும் வணக்கம்.

அந்தியூர்ப் பக்கம் இருபத்திரண்டு வருடமாகக் கொத்துக்கரண்டி பிடிப்பவன் நான். கடைசி எட்டு வருடமாகச் சின்ன வீடுகளைப் பொருளோடு சேர்த்து ஒப்பந்தம் பேசிக் கட்டிக் கொடுக்கிறேன். உங்களில் பலரிடம் கல் வாங்கியிருக்கிறேன், சிலரிடம் கடனும் சொல்லியிருக்கிறேன். அந்தப் பழக்கத்தில்தான் எழுதுகிறேன், பகையில் அல்ல.

போன மாதம் ஒரு வெள்ளிக்கிழமை ஒரு சூளைக்குப் போன் போட்டு விலை கேட்டேன். இறக்குகூலி, வண்டி எல்லாம் சேர்த்துக் கல் 9 ரூபாய் 50 காசு என்றார்கள். சரி என்றேன். செவ்வாய்க்கிழமை லோடு வந்தது. டிரைவர் நீட்டிய துண்டுச்சீட்டில் 11 ரூபாய். மறுபடியும் போன் போட்டால், "போன வாரம் சொன்னது போன வாரமுங்க மேஸ்திரி" என்று சூளைக்காரர் சிரிக்கிறார். 3,000 கல்லுக்கு 4,500 ரூபாய் நான்கு நாளில் ஏறியிருந்தது. மண்ணும் அதேதான், நெருப்பும் அதேதான்.

அதைக்கூடப் பொறுத்துக்கொண்டேன். பொறுக்க முடியாதது அடுத்து நடந்ததுதான்.

அந்த வீடு ஓர் ஆத்தாவுடையது. கலைஞரின் கனவு இல்லம் திட்டத்தில் 360 சதுர அடி. அரசு தருவது மூன்றரை லட்சம், அதுவும் வேலை ஏற ஏறத்தான் கைக்கு வரும். ஆத்தா இள வயசில் சூளையில் கல் சுமந்தவர். இறக்கிய குவியலில் இருந்து ஒன்றை எடுத்தார், திருப்பிப் பார்த்தார். "என்ன கண்ணு, கல்லு கைக்குள்ளயே அடங்குது?" என்றார். நான் பார்க்கத் தவறியதை அவர் கை பார்த்துவிட்டது.

டேப்பை எடுத்தேன். ஒன்பது அங்குலம் இருக்க வேண்டிய நீளம் எட்டரை. நாலரை இருக்க வேண்டிய அகலம் நாலு. மூன்று இருக்க வேண்டிய உயரம் இரண்டே முக்கால். ஒரு கல்லை வைத்துக் குற்றம் சொல்லக்கூடாது என்று இருபது கல்லைத் தெருவில் வரிசையாக ஒட்டி அடுக்கினேன். 15 அடி வர வேண்டியது 14 அடி 2 அங்குலத்தில் நின்றது. இருபது கல்லில் ஒன்றைக் காணவில்லை! இப்படி இருபதை அடுக்கிப் பார்ப்பது என் கண்டுபிடிப்பு அல்ல. செங்கல்லுக்கான இந்தியத் தரமான ஐஎஸ் 1077-லும் இதே சோதனைதான். 80 மில்லிமீட்டர் முன்பின்னாக இருக்கலாம் என்று அதுவும் இடம் கொடுக்கிறது, அதாவது மூன்று அங்குலம் சொச்சம். இங்கே போனது பத்து அங்குலம்.

காயும்போது மண் சுருங்கும், சூளையில் இன்னும் சுருங்கும். எனக்கும் தெரியும். அதற்குத் தக்கபடி அச்சைப் பெரிதாகச் செய்வதும் உங்களுக்குத் தெரியும்.

இந்தச் சுருக்கம் சுவரில் என்ன செய்கிறது என்பதையும் சொல்லிவிடுகிறேன். அரை அங்குலக் கலவை வைத்துக் கட்டினால் பத்தடிச் சுவருக்கு 34 வரி, அதாவது 34 கல் வரிசை, போதும். இந்தக் கல்லுக்கு 37 வரி வேண்டும். வரி கூடினால் கலவை கூடும், கொத்தனார் கூலி கூடும், சித்தாள் நடை கூடும். சுவருக்கு 7,000 கல் என்று நான் போட்டிருந்த கணக்கு, அதே கன அளவுச் சுவரை மூன்று பக்கமும் குறைந்த இதே கல்லில் கட்டினால் 8,800-ஐத் தொடும். புது விலையையும் சேர்த்துப் பார்த்தால் கல்லுக்கு மட்டும் முப்பதாயிரம் ரூபாய் அதிகம். ஆத்தா அன்று மறுபேச்சு பேசவில்லை. சாயங்காலம் போகும்போது, "கதவை அப்புறம் போட்டுக்கலாமா சாமி?" என்று மட்டும் கேட்டார்.

வேறு சூளையில் வாங்கு என்பீர்கள். கேட்டேன். அங்கே விலையே சொல்லவில்லை. "எத்தனை லோடு, எங்க எறக்கோணும், அதச் சொல்லுங்க, அப்புறம் பாக்கலாம்" என்றார்கள். ஆளைப் பார்த்து விலை சொல்ல இது மாட்டுச்சந்தையா? அங்கேயாவது துண்டுக்கு அடியில் விரலைத் தொட்டு ஒரு விலைக்கு வருவார்கள்.

விலை ஏறக்கூடாது என்று நான் சொல்லவில்லை. 2021-இல் கோவை தடாகம் பள்ளத்தாக்கில் நூற்றுக்கும் மேற்பட்ட சூளைகள் மூடப்பட்டதும், அதன்பின் மற்ற ஊர்ச் சூளைகள் மேல் பாரம் ஏறியதும் எனக்குத் தெரியும். அந்தச் சூளைகளைத் திறக்கச் சொல்லவில்லை. மண்ணுக்காக அங்கே தோண்டிப்போட்ட குழிகளைப் பார்த்தவன் நான். மழை மாதங்களில் சுடாத பச்சைக் கல் காயாது, கல் அறுக்க ஆள் கிடைப்பதில்லை, வாளையாறு தாண்டிக் கேரளாவுக்கும் லோடு போகிறது. எல்லாம் சரி. ஏறுகிற விலையை ஊரறிய ஏற்றுங்கள் என்பதுதான் என் பேச்சு.

நம் கொங்கு நாட்டில் விலை சொல்வது ஒன்றும் புதிதல்லவே. முட்டைக்கு நாமக்கல்லில் தினமும் விலை அறிவிக்கிறார்கள். கறிக்கோழிக்குப் பல்லடத்தில் சொல்கிறார்கள். ஈரோட்டில் விரலி மஞ்சள் என்ன போனது, கிழங்கு மஞ்சள் என்ன போனது என்று மறுநாள் பேப்பரில் வருகிறது. மாதம் பிறந்தால் நூல் விலை என்ன என்று திருப்பூரே காத்திருக்கிறது. நாளைக்கு உடைத்துத் தின்னும் முட்டைக்கு விலை உண்டு, மூன்று தலைமுறை குடியிருக்கும் சுவருக்கு இல்லை.

வரியைக் காரணம் சொல்வீர்கள். 2022 ஏப்ரல் 1 முதல் செங்கல்லுக்கு ஜிஎஸ்டி 12 சதவீதம், வாங்கிய பொருளுக்குக் கட்டிய வரியைக் கழித்துக்கொள்ளாதவர்களுக்கு 6 சதவீதம். அது அரசாங்கம் போட்டது, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் பில்லே போடாத கல்லுக்கும் அன்றைக்கே விலை ஏறிய அதிசயத்தை நான் கண்ணால் கண்டேன். சிமென்டுக்கு 2025 செப்டம்பரில் வரி 28-இல் இருந்து 18-க்கு இறங்கியது, செங்கல்லுக்கு இறங்கவில்லை. அதைக் கேட்டு டெல்லிக்கு நீங்கள் மனு எழுதினால், கையெழுத்துப் போட எங்கள் ஊர்க் கொத்தனார்கள் அத்தனை பேரையும் கூட்டி வருகிறேன். சிமென்ட் கம்பெனிக்காரர்களைப் பற்றி ஆரம்பித்தால் இந்த மடல் முடியாது, விடுங்கள்.

கேட்க வந்தது இவ்வளவுதான். வாரம் ஒரு நாள், சூளையடி விலை என்ன என்று சங்கத்தின் பெயரில் அறிவியுங்கள். கல்லின் நீள அகல உயரத்தை அதே வரியில் எழுதுங்கள். வண்டி வாடகையைத் தனியாகப் பிரித்துச் சொல்லுங்கள். சொன்ன விலை அந்த வாரம் முழுக்க நிற்கட்டும். சூளை வாசலில் ஒரு கரும்பலகை இருந்தாலும் போதும், சுண்ணாம்புக்கட்டி நான் வாங்கித் தருகிறேன். கோபத்தில் சொன்னேன், மன்னியுங்கள். தயவுசெய்து விலையைச் சொல்லிவிட்டு விற்பனை செய்யுங்கள்.

ஆத்தா வீட்டில் சுவர், கதவு ஜன்னலுக்கு மேல் வரும் லிண்டல் மட்டத்தில் நிற்கிறது. இன்னும் 2,000 கல் வேண்டும். அவற்றின் விலையையும் அளவையும் இந்த வாரமே எழுதிப் போட்டீர்கள் என்றால், திங்கட்கிழமை வண்டி அனுப்பச் சொல்கிறேன்.

இப்படிக்கு,
ஒரு மேஸ்திரி,
அந்தியூர் வட்டாரம்